தற்காலிகத்திலிருந்து நிரந்தரத்துக்கு: அரசுப் பணியில் பணிவரன்முறை கேட்டு நீதிமன்றம் போகிறவர்களுக்கான முழுமையான வழிகாட்டி

மாலை ஆறு மணிக்கு மேல் எங்கள் சங்க அலுவலகத்துக்கு வருபவர்கள் பெரும்பாலும் ஒரே கேள்வியோடுதான் வருவார்கள். "பதினஞ்சு வருஷமா வேலை பார்க்கிறேன் தம்பி, கேஸ் போட்டா பர்மனென்ட் ஆகுமா?" பேரூராட்சியில் தண்ணீர் திறந்துவிடுபவர், அரசு மருத்துவமனையில் தொகுப்பூதியத்தில் இருக்கும் ஆய்வக நுட்பநர், அரசுக் கல்லூரியின் கௌரவ விரிவுரையாளர், மின்வாரியத்தில் கம்பம் ஏறும் ஒப்பந்தத் தொழிலாளி என்று ஆட்கள் மாறுவார்கள். கேள்வி மாறாது.

நான் வழக்கறிஞர் இல்லை. வழக்குக்கான கோப்புகளைச் சேர்த்து, அடுக்கி, வழக்கறிஞர் கையில் கொடுக்கும் வேலையைப் பல ஆண்டுகளாகச் செய்கிறேன். அதில் கற்றுக்கொண்டது இதுதான்: எத்தனை வருஷம் வேலை பார்த்தீர்கள் என்பது இரண்டாவது கேள்வி. எப்படி உள்ளே வந்தீர்கள், அதைக் காட்டக் கையில் என்ன காகிதம் இருக்கிறது என்பதுதான் முதல் கேள்வி. வழக்கு ஜெயிப்பதும் தோற்பதும் பெரும்பாலும் மனு தாக்கலாவதற்கு முன்பே முடிவாகிவிடுகிறது. அதனால் இந்த வழிகாட்டியில் நீதிமன்றத்துக்குப் போகும் முன் செய்ய வேண்டியவைதான் அதிகம் இருக்கும்.

படி 1: உமாதேவி தீர்ப்பு என்ன சொன்னது?

உங்கள் மனுவுக்கு அரசுத் தரப்பு எதிர்வாதுரை தாக்கல் செய்தால், அதில் கட்டாயம் வரும் பெயர் உமாதேவி. கர்நாடக அரசுக்கும் உமாதேவிக்கும் இடையிலான வழக்கில், உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு 2006 ஏப்ரல் 10 அன்று தீர்ப்பு சொன்னது. நீண்ட காலம் வேலை பார்த்தார்கள் என்பதை மட்டும் வைத்துத் தற்காலிகப் பணியாளரை நிரந்தரமாக்கச் சொல்லி நீதிமன்றங்கள் உத்தரவிடக் கூடாது என்பது அதன் சாரம். அரசு வேலை என்பது எல்லோரும் போட்டி போடக்கூடிய வேலை, அரசியலமைப்பின் 14, 16 ஆகிய கூறுகள் சொல்லும் சமவாய்ப்பைத் தாண்டிப் பின்வாசல் வழியாக யாரும் வரக் கூடாது என்றது.

பலர் இதோடு மனம் உடைந்து திரும்பிவிடுகிறார்கள். அதே தீர்ப்பின் 53ஆம் பத்தியைப் படித்திருந்தால் திரும்ப மாட்டார்கள். அந்தப் பத்தி ஒரு கதவைத் திறந்து வைத்திருக்கிறது. அனுமதிக்கப்பட்ட காலிப் பணியிடத்தில், உரிய கல்வித் தகுதியோடு, நீதிமன்றத் தடையாணையின் துணை இல்லாமல் பத்து ஆண்டுகளோ அதற்கு மேலோ வேலை பார்த்தவர்களை ஒரு முறை நடவடிக்கையாகப் பணிவரன்முறை செய்ய அரசுகள் முன்வர வேண்டும் என்கிறது. இங்கே இரண்டு சொற்களைப் பிரித்துப் பார்க்க வேண்டும். ஒன்று, முறைக்குறைவான நியமனம். தகுதி இருந்தது, பணியிடம் இருந்தது, தேர்வு நடைமுறையில் மட்டும் ஏதோ விடுபட்டது. மற்றது, சட்டவிரோத நியமனம். தகுதியே இல்லை, அல்லது பணியிடமே இல்லை. முதல் வகைக்குத்தான் கதவு திறந்திருக்கிறது.

2010இல் வந்த கேசரி தீர்ப்பு இன்னொன்றையும் தெளிவாக்கியது. அந்த ஒரு முறை நடவடிக்கையை ஒரு துறை செய்யாமலே விட்டிருந்தாலோ, செய்தபோது தகுதியான சிலரை விட்டிருந்தாலோ, விடுபட்டவர்களின் உரிமை காலாவதியாகிவிடாது. "அதெல்லாம் 2006லேயே முடிஞ்சுபோச்சு" என்று அலுவலகத்தில் சொன்னால், இந்தத் தீர்ப்பைத்தான் காட்ட வேண்டும்.

அதன்பின் பல ஆண்டுகள் அரசுகள் உமாதேவியைக் கேடயமாகப் பிடித்துக்கொண்டன. வேலை நிரந்தரமானது, ஆள் மட்டும் தற்காலிகம். இந்த அநியாயத்தை உச்ச நீதிமன்றமே அண்மையில் கடுமையாகக் கண்டித்திருக்கிறது. மூன்று தீர்ப்புகளைத் தெரிந்து வைத்துக்கொள்ளுங்கள்.

2024 டிசம்பர் 20இல் வந்தது ஜக்கோ வழக்கு. மத்திய நீர் ஆணையத்தில் துப்புரவு, தோட்டப் பராமரிப்பு வேலைகளை ஆண்டுக்கணக்கில் செய்தவர்கள், நிரந்தரம் கேட்டு மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம் போய்த் தோற்றார்கள். 2018 அக்டோபரில் முன்னறிவிப்பு எதுவும் இல்லாமல் வேலையை விட்டும் நிறுத்தப்பட்டார்கள். உச்ச நீதிமன்றம் அவர்களைத் திரும்ப எடுத்துப் பணிவரன்முறை செய்யச் சொன்னது. முறைக்குறைவான நியமனத்தையும் சட்டவிரோத நியமனத்தையும் ஒன்றாக்கி உமாதேவியைத் தொழிலாளிகளுக்கு எதிரான ஆயுதமாக்கக் கூடாது என்றும் சொன்னது.

2025 ஜனவரி 31இல் காசியாபாத் மாநகராட்சித் தோட்டத் தொழிலாளர்களின் ஸ்ரீபால் வழக்கு. சமரசப் பேச்சு நடக்கும்போதே 2005இல் நிறுத்தப்பட்டவர்கள். பணியில் திரும்ப அமர்த்தவும், விடுபட்ட காலத்துக்குப் பாதிச் சம்பளம் தரவும் உத்தரவானது. தீர்ப்பு வருவதற்கு இருபது ஆண்டு. அந்த இருபது ஆண்டில் அந்தக் குடும்பங்கள் எப்படிச் சாப்பிட்டிருக்கும் என்று நினைக்காமல் என்னால் இந்தத் தீர்ப்பைப் படிக்க முடியவில்லை.

2025 ஆகஸ்ட் 19இல் தரம் சிங் வழக்கு. உத்தரப் பிரதேச உயர்கல்விப் பணிகள் ஆணையத்தில் 1989க்கும் 1992க்கும் இடையில் தினக்கூலியாகச் சேர்ந்தவர்கள். "நிதி இல்லை, பணியிடம் இல்லை" என்ற பதிலை நீதிமன்றம் ஏற்கவில்லை. காலியிடம் இல்லாவிட்டால் கூடுதல் பணியிடத்தை உருவாக்கி, 2002 ஏப்ரல் 24 முதல் பணிவரன்முறை செய்யச் சொன்னது. அரசு என்பது சாதாரண முதலாளி அல்ல, அரசியலமைப்புக்குக் கட்டுப்பட்ட முதலாளி என்று அதில் வரும் வாதம் உங்கள் மனுவிலும் இருக்க வேண்டும்.

இந்தத் தீர்ப்புகள் உமாதேவியை ரத்து செய்யவில்லை. ஐந்து நீதிபதிகள் தந்த தீர்ப்பை இரண்டு நீதிபதிகள் ரத்து செய்யவும் முடியாது. உமாதேவியை எப்படிப் படிக்க வேண்டும் என்றுதான் சொல்கின்றன. ஆகவே உங்கள் கதை 53ஆம் பத்திக்குள் பொருந்துகிறதா என்று பார்த்தாக வேண்டும்.

படி 2: நீங்கள் எந்த வகை?

தமிழ்நாடு அரசுப் பணி விதிகளில் தற்காலிக நியமனத்துக்கான விதி 10(ஏ)(1)இன் கீழ் நியமிக்கப்பட்டவர் நிலை வேறு. என்.எம்.ஆர். எனப்படும் வருகைப் பட்டியலில் பெயர் எழுதிக் கூலி வாங்கும் தினக்கூலி வேறு. தொகுப்பூதியம் வேறு. பகுதிநேரம் வேறு. ஒப்பந்ததாரர் வழி வந்தவர் முற்றிலும் வேறு. எல்லோரையும் ஒரே மனுவில் போட்டுத் தாக்கல் செய்வதுதான் நான் பார்த்த பெரிய தவறு. ஒருவரின் பலவீனம் எல்லோருடைய தலையிலும் விழும்.

வேலைவாய்ப்பு அலுவலகப் பரிந்துரையிலோ, விளம்பரம் பார்த்து விண்ணப்பித்தோ, தேர்வு எழுதியோ வந்திருந்தால் உங்கள் கை ஓங்கியிருக்கிறது. 2015இல் மருத்துவப் பணியாளர் தேர்வு வாரியத் தேர்வு எழுதித் தொகுப்பூதியத்தில் சேர்ந்த செவிலியர்களைப் பார்த்து யாரும் பின்வாசல் என்று சொல்ல முடியாது. நகராட்சி மேற்பார்வையாளர் "நாளைக்கு வா" என்று சொல்லி வேலைக்குச் சேர்ந்தவருக்கு அந்த வாதம் கிடையாது. அவருக்கு வேறு பலம் இருக்கிறது. அதைக் கீழே சொல்கிறேன்.

தினக்கூலியாக இருந்தவர்கள் இரண்டு அரசாணைகளைப் பார்க்க வேண்டும். பணியாளர் மற்றும் நிர்வாகச் சீர்திருத்தத் துறையின் அரசாணை எண் 22, நாள் 28.2.2006. 1.1.2006 அன்று பத்து ஆண்டு முடித்த முழுநேரத் தினக்கூலிப் பணியாளர்களைப் பணிவரன்முறை செய்யச் சொன்னது இது. அடுத்தது அதே துறையின் அரசாணை எண் 74, நாள் 27.6.2013. முன்னதன் பலன் அந்தத் தேதிக்குள் பத்து ஆண்டு முடித்தவர்களுக்கு மட்டும்தான், பகுதிநேரத்தாருக்கு இல்லை என்று எல்லை போட்டது. 1996க்குப் பின் சேர்ந்தவர்களை அலுவலகம் திருப்பி அனுப்புவது இந்த ஆணையைக் காட்டித்தான்.

பகுதிநேரப் பணியாளர்களிடம் நான் உண்மையைச் சொல்லியாக வேண்டும். பள்ளிக் கல்வித் துறைக்கும் கோவிந்தசாமிக்கும் இடையிலான வழக்கில் 2014இல் உச்ச நீதிமன்றம், பகுதிநேரப் பணியாளர் பணிவரன்முறையை உரிமையாகக் கேட்க முடியாது என்றது. 2011இல் அனைவருக்கும் கல்வித் திட்டத்தில் 16,549 பகுதிநேர ஆசிரியர் பணியிடங்கள் உருவாக்கப்பட்டபோது இந்தச் சிக்கலும் கூடவே வந்தது. ஆனால் "பகுதிநேரம்" என்று ஆணையில் எழுதிவிட்டுக் காலை எட்டு முதல் மாலை ஐந்து வரை வேலை வாங்கியிருந்தால் அதை நிரூபிக்கலாம். அந்த நிரூபணத்தில்தான் வழக்கே இருக்கிறது.

ஒப்பந்ததாரர் வழி வந்தவர்களுக்கு 2001இல் வந்த ஸ்டீல் அத்தாரிட்டி தீர்ப்பு முக்கியம். ஒப்பந்தமுறை தடை செய்யப்பட்டாலும் தொழிலாளி தானாக நிறுவன ஊழியராகிவிட மாட்டார் என்றது அது. ஆனால் அந்த ஒப்பந்தமே கண்துடைப்பு, உண்மையில் வேலை வாங்கியதும் மேற்பார்வை பார்த்ததும் விடுப்பு கொடுத்ததும் நிறுவனம்தான் என்று தொழில் தீர்ப்பாயத்தில் நிரூபித்தால் நிலைமை மாறும். ஒப்பந்ததாரர் நான்கு முறை மாறியும் அதே ஆட்கள் அதே இடத்தில் வேலை பார்த்தால், அது உங்கள் பக்கம் பேசும் சாட்சி.

படி 3: காகிதங்களைத் தேடுங்கள்

சில வருடங்களுக்கு முன் ஒரு நகராட்சியின் தூய்மைப் பணியாளர் அக்கா ஒருவர் வந்தார். மஞ்சப்பை ஒன்றை மேசைமேல் கவிழ்த்தார். ரேஷன் கார்டு நகல், மகள் கல்யாணப் பத்திரிகை, மருந்துச் சீட்டு, மழையில் நனைந்து ஒட்டிப்போன சம்பளச் சீட்டுகள். எழுத்து எதுவும் படிக்க முடியவில்லை. "இதுக்கு மேல என்கிட்ட ஒண்ணும் இல்ல தம்பி" என்றார். மருந்துச் சீட்டுகளுக்கு நடுவில் பழைய ஈ.எஸ்.ஐ. அட்டை ஒன்று இருந்தது. அதில் பணியில் சேர்ந்த தேதி அச்சாகியிருந்தது. அலுவலகம் ஒப்புக்கொண்ட தேதியைவிட ஏழு வருடம் முந்தைய தேதி அது! அடுத்த நாள் அவருடைய பழைய வங்கிப் பாஸ்புக்கைக் கொண்டுவரச் சொன்னேன். மாதாமாதம் அதே கணக்கிலிருந்து ஒரே தேதிவாக்கில் பணம் விழுந்திருந்தது. நனைந்துபோன சம்பளச் சீட்டுகளின் வேலையை அந்தப் பாஸ்புக் செய்தது.

ஆகவே வீட்டில் எதையும் எறியாதீர்கள். நியமன ஆணை, அடையாள அட்டை, வருங்கால வைப்பு நிதிப் பாஸ்புக், ஈ.எஸ்.ஐ. அட்டை, வங்கிக் கணக்கு அறிக்கை, பணிச்சுமைப் பங்கீடு, தேர்தல் பணிக்கு அனுப்பிய ஆணை, வெள்ள நிவாரணப் பணிக்கான பாராட்டுச் சான்று, மெமோ என எல்லாமே சான்றுதான். தண்டனை கொடுத்த மெமோவைப் பலர் வெட்கப்பட்டு மறைப்பார்கள். மறைக்காதீர்கள். "இவர் எங்கள் பணியாளரே இல்லை" என்று நாளைக்கு அலுவலகம் சொன்னால், அந்த மெமோவைவிட நல்ல பதில் இல்லை.

மேலதிகாரி வாட்ஸ்அப் குழுவில் போட்ட வேலை உத்தரவுகளையும் தேதி தெரியும்படி எடுத்து வையுங்கள். மின்னணுப் பதிவைச் சான்றாக வைக்கத் தனிச் சான்றிதழ் தேவைப்படும், அதை வழக்கறிஞர் பார்த்துக்கொள்வார். பழைய செல்போனை விற்றுவிடாமல் இருப்பது உங்கள் வேலை.

இதோடு ஒரு நாட்குறிப்பு எழுதத் தொடங்குங்கள். எந்தத் தேதியில் எங்கே வேலை, யார் மேற்பார்வை, எந்த மாதம் சம்பளம் தாமதம். குறிப்பாகச் செயற்கை முறிவுகளைக் குறியுங்கள். 89ஆம் நாள் நிறுத்திவிட்டு இரண்டு நாள் கழித்துப் புதிய ஆணை கொடுப்பது பழைய தந்திரம். அந்த இரண்டு நாளும் நீங்கள் வேலைக்குப் போயிருந்தால், அதற்கான சாட்சி யார் என்பதையும் எழுதி வையுங்கள்.

நாள் கணக்கு ஏன் இவ்வளவு முக்கியம்? வேலை நீக்கத்துக்கு எதிராகத் தொழிலாளர் சட்டத்தின் பாதுகாப்பைக் கேட்க, ஓராண்டில் 240 நாள் வேலை பார்த்ததைக் காட்ட வேண்டும்; அதை முதலில் நிரூபிக்க வேண்டியது தொழிலாளியே என்று ஹதிமானி வழக்கில் 2002இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. 2005இல் எல்லட்டி வழக்கில் இன்னும் விளக்கமாகச் சொன்னது. தொழிலாளி சாட்சிக்கூண்டில் ஏறித் தன் கையிலுள்ள ஆவணங்களைக் காட்டி, வருகைப் பதிவேட்டைக் கொண்டுவரச் சொல்லிக் கேட்க வேண்டும். நிர்வாகம் மறைத்தால் அதற்கு எதிராக முடிவெடுக்க இடமுண்டு. வெறும் வாய்ச் சொல் போதாது. இன்னொன்று, சம்பளத்துடன் கூடிய விடுமுறைகளும் ஞாயிறும் அந்த 240க்குள் சேரும் என்று 1985இலேயே தீர்ப்பு இருக்கிறது. எண்ணும்போது விட்டுவிடாதீர்கள்.

படி 4: தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள்

பத்து ரூபாய் செலவில் கிடைக்கும் பெரிய ஆயுதம் இது. மாநில அரசு அலுவலகம் என்றால் நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டி அனுப்பலாம். "எனக்கு ஏன் நிரந்தரம் தரவில்லை?" என்று கேட்காதீர்கள். அது தகவல் அல்ல, பதிலும் வராது. ஆவணத்தின் நகலைக் கேளுங்கள். உங்கள் பதவியில் அனுமதிக்கப்பட்ட பணியிடங்கள் எத்தனை, இன்றைய தேதியில் காலி எத்தனை, குறிப்பிட்ட ஆண்டுகளின் வருகைப் பதிவேடு, ஊதியப் பட்டியல், உங்களைப் போன்றவர்களைப் பணிவரன்முறை செய்த செயல்முறை ஆணைகள், இவற்றின் நகல்கள்.

30 நாளில் பதில் வர வேண்டும். வராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு, அதன்பின் 90 நாளுக்குள் தகவல் ஆணையம். "பதிவேடு கிடைக்கவில்லை" என்று பதில் வந்தால் சோர்ந்துவிடாதீர்கள், அந்தப் பதிலையே பத்திரப்படுத்துங்கள். நாளைக்கு நீதிமன்றத்தில் அதே பதிவேட்டைக் காட்டி "இவர் 240 நாள் வேலை பார்க்கவில்லை" என்று அவர்கள் சொல்ல முடியாது.

காலிப் பணியிட எண்ணிக்கையை எழுத்தில் வாங்குவதுதான் இந்தப் படியின் உயிர். உமாதேவி கேட்பதும் அதைத்தான்.

படி 5: அலுவலகத்துக்கு மனு

நேராக உயர் நீதிமன்றம் போனால் "முதலில் துறையிடம் கேட்டாயா?" என்று கேட்பார்கள். எனவே நியமன அதிகாரிக்கும் துறைத் தலைவருக்கும் மனு கொடுங்கள். இரண்டு பக்கம் போதும். சேர்ந்த தேதி, தகுதி, வந்த விதம், பணியிடம், தொடர்ச்சி, கேட்கும் பலன், ஆதார அரசாணை. நேரில் கொடுத்தால் முத்திரையும் தேதியும் வாங்குங்கள். தபாலில் அனுப்பினால் ரசீதையும் சேர்ப்பித்த விவரத்தையும் எடுத்து வையுங்கள்.

மனு மேல் மனு கொடுத்துக்கொண்டே காலத்தைக் கடத்தாதீர்கள். 2008இல் வந்த ஜேக்கப் வழக்கு தமிழ்நாட்டிலிருந்து போனதுதான். வேலையை இழந்து பல ஆண்டுகள் கழித்து மனு கொடுத்து, அதைப் பரிசீலிக்க ஒரு உத்தரவு வாங்கினால், செத்துப்போன உரிமைக்கு உயிர் வந்துவிடாது என்று உச்ச நீதிமன்றம் அதில் சொன்னது. மூன்று நான்கு மாதம் பாருங்கள், பதில் இல்லையென்றால் அடுத்த படிக்குப் போங்கள்.

படி 6: எந்தக் கதவைத் தட்டுவது?

தவறான கதவைத் தட்டி ஐந்தாறு வருடம் கழித்து "இங்கே வரக் கூடாது, அங்கே போ" என்று திருப்பி அனுப்பப்பட்டவர்களை நான் பார்த்திருக்கிறேன். எனவே இதைப் பொறுமையாகப் படியுங்கள்.

மாநில அரசுத் துறையில் இருப்பவர் சென்னை உயர் நீதிமன்றத்தில் அரசியலமைப்பின் 226ஆவது கூறின் கீழ் ரிட் மனு போடலாம். மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் இப்போது இல்லை. தென்மாவட்டங்கள் என்றால் மதுரைக் கிளை. மத்திய அரசுத் துறை என்றால் முதலில் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வுக்குத்தான் போக வேண்டும். அங்கே ஓராண்டுக் காலவரம்பு உண்டு. மனு கொடுத்து ஆறு மாதம் பதில் வராவிட்டால், அந்த ஆறு மாதம் முடிந்ததிலிருந்து ஓராண்டு.

மின்வாரியம், போக்குவரத்துக் கழகம், குடிநீர் வாரியம், நகராட்சி, மாநகராட்சி போன்றவற்றில் உடலுழைப்பு, தொழில்நுட்பம், எழுத்தர் வேலை பார்ப்பவர்களுக்குத் தொழிலாளர் சட்டத்தின் கதவும் இருக்கிறது. பல நேரம் இதுதான் நல்ல கதவு. ரிட் மனுவில் சாட்சி விசாரணை வழக்கமாகக் கிடையாது, பிரமாணப் பத்திரங்களை வைத்தே முடிவு. "எட்டு வருஷம் வேலை பார்த்தேன்" என்று நீங்களும் "இல்லை" என்று அவர்களும் சொன்னால், உயர் நீதிமன்றம் ஒதுங்கிக்கொள்ள வாய்ப்புண்டு. தொழில் தீர்ப்பாயத்தில் சாட்சி சொல்லலாம், பதிவேட்டை வரவழைக்கலாம், அதிகாரியைக் குறுக்கு விசாரணை செய்யலாம். "நாளைக்கு வா" என்று வாய்ச்சொல்லில் வேலைக்கு வந்தவரின் பலம் இங்கேதான்.

ஆண்டுக்கணக்கில் ஒருவரைத் தற்காலிகமாகவே வைத்து நிரந்தரப் பலன்களை மறுப்பது நியாயமற்ற தொழிலாளர் நடைமுறை என்று தொழிற்தகராறு சட்டத்தின் ஐந்தாம் அட்டவணை சொல்லியது. அப்படிப்பட்ட வழக்குகளில் தொழில் நீதிமன்றத்தின் கையை உமாதேவி கட்டிப்போடவில்லை என்று 2009இல் மகாராஷ்டிரப் போக்குவரத்துக் கழக வழக்கில் தீர்ப்பானது. 2015இல் ஓ.என்.ஜி.சி.யின் காவிரிப் படுகைத் தொழிலாளர்கள் வழக்கிலும் தீர்ப்பாயத்தின் அதிகாரத்தை உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது. 2025 நவம்பர் 21 முதல் அந்தப் பழைய சட்டத்தின் இடத்துக்குத் தொழிலுறவுத் தொகுப்பு வந்துவிட்டது. நியாயமற்ற நடைமுறைகளின் பட்டியல் அதிலும் இருக்கிறது, ஆனால் பிரிவு எண்கள் மாறிவிட்டன. வேலை நீக்கத்தை எதிர்த்துப் போக முன்பு மூன்று ஆண்டு இருந்தது, இப்போது இரண்டு ஆண்டு. பழைய மனுவின் நகலைப் பார்த்து அப்படியே எழுதித் தருபவரிடம் கவனமாக இருங்கள்.

தமிழ்நாட்டுக்கென்றே இன்னொரு வழி உண்டு. 1981ஆம் ஆண்டின் தொழில் நிறுவனங்கள் (பணியாளர்களுக்கு நிரந்தரத் தகுதி வழங்கல்) சட்டம். 24 மாதத்தில் 480 நாள் தொடர்ந்து பணியாற்றியவரை நிரந்தரமாக்க வேண்டும் என்று அதன் 3ஆவது பிரிவு நேரடியாகவே சொல்கிறது. தொழிலாளர் துறை ஆய்வாளரிடம் மனு கொடுக்கலாம். தொழிற்சாலை என்றால் தொழிலகப் பாதுகாப்பு மற்றும் சுகாதார இயக்கக அதிகாரியிடம். உங்கள் நிறுவனம் இந்தச் சட்டம் சொல்லும் "தொழில் நிறுவனம்" என்ற வரையறைக்குள் வருகிறதா என்பதுதான் முதல் சண்டை. கட்டடம், சாலை, பாலம் போன்ற கட்டுமானப் பணியாளர்களுக்கு இது பொருந்தாது. ஆய்வாளர் ஆணை வந்ததும் நிர்வாகம் உயர் நீதிமன்றம் போவது வழக்கம், அதற்கும் தயாராக இருங்கள்.

படி 7: மனுவில் என்ன கேட்பது?

பணிவரன்முறையை மட்டும் கேட்டுவிட்டு நிற்காதீர்கள். அது கிடைக்காவிட்டாலும் சம வேலைக்குச் சம ஊதியம் என்று மாற்றுக் கோரிக்கை வைக்கலாம். பஞ்சாப் அரசுக்கும் ஜக்ஜித் சிங்குக்கும் இடையிலான வழக்கில் 2016 அக்டோபர் 26இல், நிரந்தர ஊழியர் செய்யும் அதே வேலையைச் செய்யும் தற்காலிகப் பணியாளருக்கு அந்தப் பதவியின் குறைந்தபட்ச ஊதியக் கட்டு உண்டு என்று தீர்ப்பானது. நிரந்தரத்துக்கான வழக்கு இழுத்துக்கொண்டே போகும்போது இந்தக் கோரிக்கைதான் பல வீடுகளில் அடுப்பெரிய வைக்கிறது.

அப்புறம், இடைக்காலப் பாதுகாப்பு. கேஸ் போட்டவரை நாளைக்கே "வராதே" என்று நிறுத்துவது நடக்கும். மனுவோடு சேர்த்து, பணியில் தற்போதைய நிலை தொடர வேண்டும் என்று இடைக்கால மனுவும் போடச் சொல்லுங்கள். தொழில் தகராறு நிலுவையில் இருந்தால் பணி நிலைமைகளை மாற்றச் சட்டத்திலேயே தடை உண்டு. காசியாபாத் தொழிலாளர்களுக்குக் கைகொடுத்ததும் அப்படியொரு பிரிவுதான். ஆனால் தடையாணையின் பலத்தில் வேலை பார்த்த காலத்தை உமாதேவியின் பத்தாண்டுக் கணக்கில் சேர்க்க மாட்டார்கள். ஒன்பது வருடத்தில் வழக்குப் போடலாமா, பத்து முடியட்டுமா என்று யோசிப்பவர்கள் இதை வழக்கறிஞரிடம் விரிவாகப் பேசுங்கள்.

"அவங்க கேஸ் ஜெயிச்சா நமக்கும் வரும்" என்று காத்திருப்பவர்களிடம் ஒன்று சொல்ல வேண்டும். பொதுவாக ஒரே நிலையில் இருப்பவர்களுக்கு ஒரே பலன்தான். ஆனால் வேலியில் உட்கார்ந்து வேடிக்கை பார்த்துவிட்டுத் தாமதமாக வருபவர்களுக்கு அந்தப் பலனை மறுக்கலாம் என்று 2014இல் அர்விந்த் குமார் ஸ்ரீவாஸ்தவா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

படி 8: வழக்கறிஞர், பணம்

பணிச்சட்டமும் தொழிலாளர் சட்டமும் பார்ப்பவரைத் தேடுங்கள். கட்டணம் கொடுத்தால் ரசீது கேளுங்கள். வழக்கு எண்ணை வாங்கி, நீதிமன்ற இணையதளத்தில் நீங்களே நிலையைப் பாருங்கள். "ஆளுக்கு இருபதாயிரம் கொடு, மேலே ஆள் இருக்கிறது, ஆணை வாங்கித் தருகிறேன்" என்று வருபவர்களிடம் ஒரு ரூபாய்கூடக் கொடுக்காதீர்கள். தினக்கூலிக்காரர்கள் தாலியை அடகு வைத்துக் கொடுத்து ஏமாந்ததை நேரில் பார்த்த வேதனையில் சொல்கிறேன்.

பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடி மக்களுக்கும் வருமானம் எவ்வளவு என்று பார்க்காமல் இலவசச் சட்ட உதவி பெற உரிமை உண்டு. மற்றவர்களுக்கு வருமான வரம்பு இருக்கிறது. மாவட்ட நீதிமன்ற வளாகத்திலேயே சட்டப் பணிகள் ஆணைக்குழு இருக்கும். 15100 என்ற எண்ணிலும் கேட்கலாம்.

படி 9: தீர்ப்பு வந்த பிறகு

அடிக்கடி வரும் தீர்ப்பு இப்படி இருக்கும்: "மனுதாரரின் கோரிக்கையை 12 வாரத்துக்குள் சட்டப்படி பரிசீலிக்க வேண்டும்." இனிப்பு வாங்கிக் கொடுக்காதீர்கள். இது வெற்றி இல்லை. பரிசீலித்து நிராகரிக்கவும் அவர்களால் முடியும், பல நேரம் அதுதான் நடக்கும். அந்த நிராகரிப்பு ஆணை கையில் கிடைத்ததும் அதை ரத்து செய்யக் கோரி அடுத்த மனு போட வேண்டும். உண்மையான சண்டை அங்கே ஆரம்பிக்கிறது. அந்த ஆணையில் எழுதாத காரணத்தை அரசுத் தரப்பு பின்னால் சேர்க்க முடியாது என்பதால், அதன் ஒவ்வொரு வரியும் முக்கியம்.

தோற்றால் தனி நீதிபதி தீர்ப்புக்கு எதிராக 30 நாளுக்குள் ரிட் மேல்முறையீடு. அங்கும் தோற்றால் 90 நாளுக்குள் உச்ச நீதிமன்றம். நீங்கள் ஜெயித்தாலும் அரசு மேல்முறையீடு போகும் என்று எடுத்துக்கொண்டு, உங்களைக் கேட்காமல் தடை கொடுக்காதபடி கேவியட் போட்டு வையுங்கள். தீர்ப்பை நிறைவேற்றாமல் இழுத்தால் ஓராண்டுக்குள் அவமதிப்பு மனு. அந்த ஓராண்டைத் தவறவிட்டு, ஜெயித்த தீர்ப்பைக் கையில் வைத்துக்கொண்டு அலைபவர்கள் இருக்கிறார்கள்.

பணிவரன்முறை ஆணை வந்ததும் முதலில் பார்க்க வேண்டியது சம்பளத்தை அல்ல, தேதியை. எந்தத் தேதியிலிருந்து என்று ஆணை சொல்கிறது? தமிழ்நாட்டில் பங்களிப்பு ஓய்வூதியத் திட்டம் தொடங்கிய 1.4.2003க்கு முன்னா, பின்னா என்பதைப் பொறுத்து ஓய்வூதியமே மாறிவிடும். அந்தத் தேதிக்கு முன் நிரந்தரமானவர்களுக்கு, தினக்கூலியாகவும் தொகுப்பூதியத்திலும் இருந்த காலத்தில் பாதியை ஓய்வூதியத்துக்குச் சேர்க்கத் தமிழ்நாடு ஓய்வூதிய விதிகளில் 11(4) என்ற விதி இருக்கிறது. "ஆணை பிறப்பிக்கப்படும் நாள் முதல்" என்று ஒரு வரியைப் போட்டு இருபது வருட உழைப்பைக் கழித்துவிடுவது எளிது.

மஞ்சப்பையோடு வந்த அக்காவுக்கும் அப்படித்தான் ஆனது. ஆணை வந்த அன்று சாக்லேட் டப்பாவோடு வந்தார். படித்துப் பார்த்தேன், தேதி தவறு. ஈ.எஸ்.ஐ. அட்டையில் இருந்த வருடத்துக்கும் ஆணையில் இருந்த வருடத்துக்கும் எங்கேயோ தூரம். டப்பாவை ஓரமாக வைத்துவிட்டு, அன்று இரவே திருத்தம் கேட்டு மனு எழுதினோம். மறுநாள் தபால் நிலையத்திலிருந்து ரசீதைக் கொண்டுவந்து காட்டினார். இந்த முறை அது பிளாஸ்டிக் உறைக்குள் இருந்தது.